சோள அறைக்குள் போனவர்

என் வீட்டுக்காரர் காலத்தைக் கட்டும் வித்தை படித்தவர். ஒரு ஆட்டுக்குட்டியைச் சோள அறைக்குள் அடைத்து மந்திரித்தார். ஒரு வருடம் கழித்துத் திறந்தபோது அது குட்டியாகவே வெளியே வந்தது. ஆட்டை மாற்றிவிட்டதாகக் கொழுந்தனார் சிரித்தார். பிறகு என் வீட்டுக்காரரே உள்ளே போய்த் தாழிட்டுக்கொண்டார். பல வருடம் ஆயிற்று.

கதவை உடைக்கச் சீடர்கள் விடவில்லை.

"சாமிக்கு உள்ள ஒரு நிமிசந்தானுங்க. தொறந்தா உசுரு போயிருமுங்க."

"எலும்புதான் கெடக்கும், போங்கடா," என்றார் கொழுந்தனார்.

மகளுக்குக் கல்யாணம் வந்தது. வெள்ளைச் சேலை கட்டினால் விதவைக்குப் பந்தலில் இடமில்லை. பொட்டோடு போனால், செத்தவன் பெண்டாட்டி என்று கொழுந்தனார் எழுப்பிவிடுவார்.

வாசலில் மேளம் கொட்டியபோது நான் சோள அறை முன்னால் நின்றேன்.

"நம்ம புள்ளைக்குத் தாலி ஏறுதுங்க," என்றேன்.

கொஞ்ச நேரம் காத்திருந்தேன். பிறகு பந்திக்கு இலை கழுவப் போனேன்.