குரல் போவதற்கு முந்திய ஐந்து நாட்கள்

ஹெட்போனில் முதலில் கேட்டது காற்றின் இரைச்சல். அதற்கு அடியில் எங்கோ ஒரு மனிதர் பேசிக்கொண்டிருந்தார். ஒரு சொல்லும் பிடிபடவில்லை. இரண்டாயிரங்களின் நடுப்பகுதி அது. ஒஸ்லோவின் ஹவுகன்ஸ்டுவாப் பகுதியில் பெற்றோருடன் இருந்துகொண்டு, நகரில் ஓர் ஒலிப்பதிவுக் கூடத்தில் உதவியாளராக வேலை பார்த்தேன். கிரீன்லாந்தின் பனிவெளியில், முழுக்க அங்குள்ள பூர்வகுடிகளான இனுயிட் மக்களின் மொழியில் எடுக்கப்பட்ட படம். காற்று வசனங்களை விழுங்கிவிட்டதால், வேட்டைக்காரனாக நடித்தவர் எல்லாவற்றையும் மறுபடி பேச வேண்டியிருந்தது. நொர்வேஜியப் பெண்ணை மணந்து ஒஸ்லோவுக்கு வந்து, அவளையும் இழந்து தனியே வாழ்ந்த இனுயிட் நடிகர் அவர்.

வந்த அன்றே தொண்டையில் புற்றுநோய் என்றார். அடுத்த வாரம் குரல்வளையை எடுக்கப்போகிறார்கள். வேறொருவரை, கிரீன்லாந்தை ஆண்டவர்களின் மொழியான டேனிஷில் பேசவைக்கலாம், அதிகம் பேருக்கு விளங்கும் என்றார் தயாரிப்பாளர். நடிகர் சொன்ன மறுமொழி நொர்வேஜிய மொழியில்தான் இருந்தது. என் நினைவில் அது வீட்டுத் தமிழாகவே தங்கிவிட்டது.

"டேனிஷ் கதைக்கிற வேட்டைக்காரனாத்தான் எங்களை இவ்வளவு காலமும் காட்டினவை. நானும் அப்பிடி நடிச்சனான். இதிலை மாட்டன்."

ஐந்து நாட்கள் பேசினார். படத்தின் இளம் எழுத்தாளர் எழுதியிருந்த வசனங்களை, தன் தாய் பேசிய விதத்துக்கு மாற்றிக்கொண்டே போனார். ஒவ்வொரு வரிக்கும் பிறகு வெந்நீர் குடித்தார். கடைசியாக, பனி உடைந்து கடலுக்குள் போன மகனைத் தகப்பன் கூப்பிடும் காட்சி. கத்தக்கூடாது என்று வைத்தியர் சொல்லியிருந்தார். மெதுவாகச் சொல்லுங்கள், சத்தத்தை நான் கூட்டுகிறேன் என்றேன்.

"பிள்ளையைப் பறிகுடுத்தவன் மெதுவாக் கூப்பிடுவானோ?"

மூன்று தரம் கூப்பிட்டார். மூன்றாவதில் கைக்குட்டையில் இரத்தம்.

"பதிஞ்சுதோ?" என்று கேட்டார்.

"ஓம்" என்றேன். அதன்பின் அவர் பேசி நான் கேட்கவில்லை.

படம் ஒஸ்லோவில் திரையிடப்பட்டபோது கழுத்தைச் சால்வையால் மூடிக்கொண்டு வந்திருந்தார். முடிந்ததும் கிரீன்லாந்திலிருந்து வந்த முதிய பெண் ஒருத்தி அவரிடம் தங்கள் மொழியில் நெடுநேரம் பேசினாள். அவர் தலையை மட்டும் அசைத்தார். அவளுடைய குரல் உயர்ந்தது. பிறகு கோபத்தோடு போய்விட்டாள். என்ன சொன்னாள் என்று கேட்டேன். தாளில் எழுதிக் காட்டினார்: படத்தில் பேசியது வேறு யாரோவா, ஒஸ்லோவுக்கு வந்து மொழியை மறந்துபோனாயா என்று ஏசினாள்.

"சால்வையை விலக்கிக் காட்டியிருக்கலாமே?"

மறுபடி எழுதினார்: காட்டியிருந்தால் பேச்சை நிறுத்தியிருப்பாள். எங்கள் மொழியை நேரில் கேட்டு எவ்வளவு காலம்.

அந்தப் பனிக்காலத்திலேயே இறந்துபோனார். இன்று கிரீன்லாந்து இளைஞர்கள் தங்கள் மொழியிலேயே எடுக்கும் படங்கள் எங்கள் கூடத்துக்கு வருகின்றன. அந்தக் குரலைக் கேட்டுத்தான் துணிந்தோம் என்கிறார்கள் சிலர். அவருடைய இறுதிச் சடங்கில் நாங்கள் ஏழு பேர் நின்றோம். எல்லாம் நொர்வேஜிய மொழியில் நடந்தது. அவருடைய மொழியில் ஒரு சொல் சொல்லி அனுப்ப எங்களில் ஒருவருக்கும் தெரியவில்லை.