வாரத்துக்கு ஒரு வயது குறைந்த லக்ஷணா

வடிவு வீட்டு டிவியில், திரையின் அடிப்பகுதியில் குறுக்காக, மூன்று விரல் அகலத்துக்குப் பழுப்பு நிற பேக்கிங் டேப் ஒட்டியிருக்கும். செய்திச் சேனலில் கீழே ஓடும் எழுத்து, கடை விளம்பரம், புயல் எச்சரிக்கை எதுவும் அவள் கண்ணில் படாது. வீட்டுக்கு வரும் உறவுக்காரர்கள், டிவி விரிசல் விட்டதால் ஒட்டுப் போட்டிருக்கிறாள் என்று நினைத்துக்கொள்வார்கள். அவளும் ஆமாம் என்று சொல்லிவிடுவாள். உண்மைக் காரணம் எனக்குத் தெரியும். அவள் வேலை பார்த்த கேபிள் டிவி ஆபீஸுக்கு நேர் கீழேதான் என் தையல் கடை. மத்தியானம் இருவரும் ஒன்றாகத்தான் சாப்பிடுவோம்.

இரண்டாயிரத்து ஒன்றாம் வருஷம் அது. பிள்ளையார்பாளையத்தில் ராஜகோபால் என்பவர் உள்ளூர்ச் சேனல் நடத்திக்கொண்டிருந்தார். காலையில் பக்திப் பாட்டு, மத்தியானம் ஒரு படம், சாயங்காலம் கோயில் உற்சவம். வடிவின் கணவன் பெங்களூரில் பட்டு முறுக்கும் மில்லில் இருந்தான். தீபாவளிக்கு வருவான், பொங்கலுக்கு வருகிறேன் என்பான், வரமாட்டான். டைப்ரைட்டிங் ஹையர் பாஸ் செய்திருந்ததால் ராஜகோபால் அவளைக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார வைத்தார். படத்துக்குக் கீழே ஓடும் எழுத்தை அடிப்பதுதான் வேலை. பிறந்தநாள் வாழ்த்து, காதுகுத்து, கடை திறப்பு, கண்ணீர் அஞ்சலி என்று ஜனங்கள் துண்டுச் சீட்டில் எழுதிக்கொண்டு வந்து கொடுப்பார்கள்.

ராஜகோபால் சரியான கஞ்சன். புதுத் தமிழ்ப் படம் போட மனசு வராமல், சென்னையில் எவனோ தள்ளிவிட்ட இங்கிலீஷ் விசிடிகளை ஒரு பை நிறைய வாங்கிவந்தார். பாதிக்கு மேல் இரண்டாம் உலகப்போர்ப் படங்கள். ஒருவனும் தமிழ் பேசமாட்டான், எல்லோருக்கும் ஒரே காக்கி உடுப்பு, எவன் எந்தக் கட்சி என்றே தெரியாது. பின்தெருவிலிருந்து கங்கையம்மாள் போன் செய்து, மத்தியானத் தூக்கத்தைக் கெடுக்கிறீர்களே என்று திட்டினார். வடிவுக்கோ அந்தப் படங்கள் என்றால் உயிர்.

எல்லாப் போர்ப் படமும் இல்லை. ரகசியச் செய்தியை உடைக்கிற படங்கள் மட்டும். ஒரு படத்தை மூன்று முறை போடவைத்து நானும் அவளோடு பார்த்திருக்கிறேன். மரப்பெட்டிக்குள் டைப்ரைட்டர் மாதிரி ஒரு மெஷின். ஒரு எழுத்தைத் தட்டினால் உள்ளே சக்கரம் நகர்ந்து, வேறொரு எழுத்துக்கு மேல் விளக்கு எரியும். அதே எழுத்தை மறுபடி தட்டினால் இன்னொரு விளக்கு. எதிரிக் கப்பல்கள் அந்த மெஷினில்தான் பேசிக்கொள்ளும். இந்தப் பக்கம் பெரிய ஹாலில் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து, காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, அர்த்தமே இல்லாத எழுத்துகளை எழுதிக்கொண்டிருப்பார்கள். வடிவுக்கு அந்தப் பெண்கள் மேல்தான் கண். அடிக்கிற எழுத்து எங்கே போகிறது, யார் படிக்கிறார்கள் என்று தனக்கும் தெரியாதுதானே என்பாள்.

அந்தப் படத்தில் ஒரு ஆள் கடைசியில் பூட்டை உடைப்பான். எதிரிக்காரன் தினமும் ஒரே மரியாதை வார்த்தையைப் போட்டுத்தான் செய்தியை ஆரம்பிக்கிறான் என்று கண்டுபிடிப்பான். அதைப் பிடித்து மற்றதையெல்லாம் அவிழ்ப்பான். காகிதங்கள் பறக்கும், எல்லோரும் கட்டிப்பிடித்துக்கொள்வார்கள். அதற்கு அடுத்த காட்சிதான் மோசம். நடுக்கடலில் ஒரு கப்பலை எதிரி மூழ்கடிக்கப் போகிறான் என்று தெரிந்துவிடும். ஆனால் எச்சரித்தால், நாம் உடைத்துவிட்டோம் என்று எதிரிக்குத் தெரிந்து மெஷினையே மாற்றிவிடுவான். அதிகாரி காகிதத்தை மடித்துப் பைக்குள் வைத்துக்கொள்வார். கப்பல் மூழ்கும். அந்த இடம் வரும்போதெல்லாம் வடிவு சாப்பாட்டைத் தள்ளிவைத்துவிடுவாள். தெரிந்தும் வாயை மூடிக்கொண்டிருந்தவனும் கொலைகாரன்தான் என்று அவள் சொன்னது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது.

இப்படிப் பார்த்துப் பார்த்துத்தான் அவளுக்கு அந்தச் சந்தேகம் வந்தது. வியாழக்கிழமைதோறும் ஒரு பையன் சீட்டுக் கொண்டுவருவான். மணிக்கட்டு வரை கையில் சாயம் ஏறியிருக்கும். ஒரு வாரம் அரக்கு, ஒரு வாரம் மயில் பச்சை. சீட்டில் எப்போதும் ஒரே மாதிரி வாசகம்: செல்லக்குட்டி லக்ஷணாவுக்குப் பிறந்தநாள் வாழ்த்து, அன்புடன் மாமா, வாலாஜாபாத். முதலில் ஏழாவது பிறந்தநாள் என்றிருந்தது. அடுத்த வாரம் ஆறாவது. அதற்கடுத்த வாரம் ஐந்தாவது. குழந்தை வாரத்துக்கு ஒரு வயது குறைந்துகொண்டே வந்தது. நாங்கள் சிரித்தோம். பிறகு ஒருநாள் அந்தப் பையன், குமாரசாமி வீட்டுத் தெருவுக்கு லைன் சரியாகப் போகிறதா, எழுத்து அங்கே தெளிவாகத் தெரிகிறதா என்று கேட்டான். அவன் போன பிறகு வடிவு சிரிக்கவில்லை.

குமாரசாமியைத் தெரியாதவர்கள் பாளையத்தில் கிடையாது. பாதி வீடுகளில் தறியில் ஓடிய பாவு நூல் அவர் கொடுத்தது. அவர் மகள் கலைவாணி, தையல் கிளாஸுக்குப் போன இடத்தில் வேறு சாதிப் பையனோடு பழகினாள் என்று தெரிந்ததும், மாடி அறையில் வைத்துப் பூட்டிவிட்டார்கள். போன் வெட்டியாயிற்று. தெருப்பக்க ஜன்னலுக்கு ஆணி அடித்தாயிற்று. தாய் கிருஷ்ணம்மாள் கெஞ்சியதால் டிவியை மட்டும் விட்டுவைத்தார்கள். பையன் யார் என்று அந்தப் பெண் எவ்வளவு அடித்தும் சொல்லவில்லை. அந்த அறைக்குள் வெளியிலிருந்து போன ஒரே பொருள் கேபிள் ஒயர்.

அந்தப் பையனும் கலைவாணியும் முன்பே இப்படிப் பேசிவைத்திருக்க வேண்டும்: வயது எண் என்பது மிச்சமிருக்கும் வாரம். முதலாவது பிறந்தநாள் வருகிற வாரம் வெள்ளிக்கிழமைதான் கோயில் உற்சவம்; அன்று அம்மாவோடு கோயிலுக்குப் போகும் பெண் கூட்டத்தில் நழுவி வாலாஜாபாத் போய்விட வேண்டும். இதை வடிவு அவிழ்த்துச் சொன்னபோது நான் எழுந்து கடைக் கதவைப் பாதி சாத்தினேன். அவளோ படத்தில் வருகிற ஆள் மாதிரி முகமெல்லாம் வெளிச்சமாக நின்றாள். யாரிடமும் மூச்சு விடக்கூடாது என்று இருவரும் பேசிக்கொண்டோம்.

மூன்றாவது பிறந்தநாள் ஓடி முடிந்த மறுநாள் குமாரசாமி படியேறி வந்தார். செருப்பை வாசலில் கழற்றிவிட்டு, பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். சாப்பாட்டைத் தொடாத பெண் மத்தியானப் படத்தின் அடியை மட்டும் விழுந்து விழுந்து பார்க்கிறாளே என்று அவருக்கும் உறுத்தியிருக்கிறது. லக்ஷணா பெயருக்கு வாழ்த்துக் கொடுக்கிறவன் யார் என்று கேட்டார். கூட்டத்தில் முகம் கவனிக்கவில்லை என்றாள் வடிவு. அவர் கோபப்படவில்லை.

"அடுத்த தபா வந்தா ஒக்கார வச்சுட்டு ஒரு போன் பண்ணும்மா. ஒண்ணும் இல்ல, அந்தத் தம்பிகிட்ட பேசணும், அவ்ளோதான்" என்றார்.

அவர் பேசுவது என்றால் என்னவென்று ஊருக்கே தெரியும். பல வருஷத்துக்கு முன்னால் அவர் தங்கை விஷயத்தில் இப்படித்தான் ஒரு பையனோடு பேசினார்கள். அவன் பாலாற்று மணலில் கிடந்தான். கேஸ் நிற்கவில்லை. ராஜகோபால் இதையெல்லாம் அறிந்தவர். வியர்வையைத் துடைத்துக்கொண்டு, தானே ஆபீஸில் உட்கார்ந்து பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். அன்றிலிருந்து என் கடைக்கு எதிரே ஒரு வெள்ளை டாடா சுமோ நின்றது. உள்ளே இருந்தவர்கள் இறங்கவே இல்லை. டீ வரவழைத்துக் குடித்தார்கள், படியேறுகிற ஒவ்வொருவர் கையிலும் சீட்டு இருக்கிறதா என்று பார்த்தார்கள்.

வியாழக்கிழமை வந்தால் பையன் வந்துவிடுவான், வந்தால் திரும்பிப் போகமாட்டான். அவன் பெயர்கூட எங்களுக்குத் தெரியாது. எந்தச் சாயப்பட்டறை என்றும் தெரியாது; எந்தப் பக்கமிருந்து வருவான் என்றும் தெரியாது. தெருமுனையில் நான் நின்று பார்க்கிறேன் என்றேன். சுமோக்காரர்கள் அதைப் பார்க்கமாட்டார்களா என்றாள் வடிவு. அவனுக்குச் சொல்ல ஒரே வழி, தன் வாழ்த்து ஓடுகிறதா என்று அவன் எங்கோ டீக்கடையில் பார்க்கும் அதே எழுத்துதான். ஆனால் அதைக் குமாரசாமியும் பார்த்துக்கொண்டிருந்தார்.

புதன்கிழமை மத்தியானம், ராஜகோபால் சாப்பிடப் போன நேரத்தில் அவள் அதை அடித்தாள். மூன்று நிஜ மரண அறிவிப்புகளோடு நாலாவதாகச் செருகினாள்: கண்ணீர் அஞ்சலி, லக்ஷணா, வாலாஜாபாத். மாமா என்று போட்டால் மறுபடி அவனைத்தானே தேடுவார்கள் என்று யோசித்து, அந்த இடத்தில் 'கண்ணீருடன் நண்பர்கள்' என்று போட்டாள். பிறந்தநாளுக்கு மாறாக அஞ்சலி வந்தால், விஷயம் வெளிப்பட்டுவிட்டது, வராதே என்று பையனுக்குப் புரியும். குமாரசாமிக்கோ, பயந்துபோய் எவனோ ஆட்டத்தைக் கலைத்துவிட்டான் என்று தோன்றும். எனக்கு அவள் மூளையை நினைத்துப் பெருமையாக இருந்தது.

குமாரசாமி போன் செய்து, இதைக் கொடுத்தது யார் என்று கேட்டார். பஸ்ஸிலிருந்து இறங்கிய ஒரு பெண்பிள்ளை கொடுத்துவிட்டு அப்படியே போய்விட்டாள் என்றாள் வடிவு. வியாழக்கிழமை பையன் வரவில்லை. அடுத்த வியாழக்கிழமையும் வரவில்லை. சுமோ போய்விட்டது. வடிவு ஓட்டலிலிருந்து நெய் ரோஸ்ட் வாங்கிவந்து, கடையில் வைத்து என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். ஒரு உயிரைக் காப்பாற்றியிருக்கிறோம் என்று இருவரும் அழுதோம்.

அதற்கப்புறம் பத்துப் பதினைந்து நாள் இருக்கும், நாங்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது கிருஷ்ணம்மாள் கடைக்குள் வந்தார். கையில் ரவிக்கைத் துணிகள். கலைவாணிக்குக் கல்யாணம், மாப்பிள்ளை ஆரணிப் பக்கம், முகூர்த்தம் நெருங்கிவிட்டது, சீக்கிரம் தைத்துக் கொடு என்றார். வடிவைப் பார்த்ததும், டிவியில் போட வேண்டிய கல்யாண வாழ்த்துச் சீட்டையும் அவளிடமே கொடுத்தார். எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. பெண் எப்படிச் சம்மதித்தாள் என்று கேட்டுவிட்டேன்.

"யாரும் கட்டாயப்படுத்தலம்மா, அதுவாத்தான் செய்ங்கன்னு சொல்லுச்சு" என்றார் கிருஷ்ணம்மாள். "டிவில யாரோ கொழந்த செத்துப்போச்சுன்னு எழுத்து ஓடுச்சாம். அதப் பாத்ததுலேர்ந்து ரெண்டு நாளு அழுதுக்கினே இருந்துச்சு. ஏண்டின்னு கேட்டா, மாமா பேரு இல்லம்மா, நண்பர்கள்னுதான் போட்டிருக்குதுன்னு சொல்லுது. எனக்கு ஒண்ணும் வெளங்கல. அப்பறம் அழவே இல்ல. எது சொன்னாலும் சரின்னுது."

அவர் போன பிறகு வடிவு சாப்பாட்டில் வைத்த கையை எடுக்கவே இல்லை. அந்தப் படங்களில் செய்தியை அனுப்புகிறவனைக் காட்டுவார்கள், நடுவில் திருடிப் படிக்கிறவனைக் காட்டுவார்கள். வாங்கிப் படிக்கிற ஆளின் முகத்தைக் காட்டியதே இல்லை. அவன் எதிரி, அவன் எப்படிப் போனால் என்ன என்று விட்டுவிடுவார்கள். வடிவும் பையனை நினைத்தாள், அப்பனை நினைத்தாள். பூட்டிய அறையில், கேட்டுத் தெரிந்துகொள்ள ஒரு ஆள் இல்லாமல், அந்த எழுத்தையே நம்பி உட்கார்ந்திருந்தவளை நாங்கள் இருவருமே நினைக்கவில்லை. மாமா இருந்த இடத்தில் நண்பர்கள் என்று வந்ததால், அவள் அதை அவன் செத்த செய்தியாகப் படித்திருக்கிறாள்.

மறுபடி ஒரு பிறந்தநாள் போட்டுவிடு என்று வடிவைப் பிடித்து உலுக்கினேன்.

"லக்ஷணா பேரு மறுபடி ஓடினா சுமோ மறுபடி வந்து நிக்கும்க்கா. அவங்க ஊரு பேரு வரைக்கும் படிச்சு வச்சிருக்காங்க" என்றாள்.

நேரில் போய்ச் சொல்லலாம் என்று, அளவு எடுக்கிற சாக்கில் நான் அந்த வீட்டுக்குப் போனேன். பழைய ரவிக்கையைக் கையில் கொடுத்து வாசலோடு அனுப்பிவிட்டார்கள். மேல் ஜன்னலில் ஆணி அப்படியே இருந்தது. வடிவு கல்யாண வாழ்த்தை அடித்தாள். மூன்று நாள் எல்லாப் படத்துக்கும் கீழே அது ஓடியது.

மூன்றாம் நாள் அந்தப் பையன் வந்தான். மாடிக்குப் போகவில்லை, பேன்ட் சுருக்க வந்தவன் மாதிரி ஒரு பையோடு என் கடைக்குள் நுழைந்தான். கையில் சாயம் வெளுத்திருந்தது. நான் வடிவைக் கீழே கூப்பிட்டேன். என் பெயர் குமரன், சொந்த ஊர் முசரவாக்கம், திருப்பூரில் வேலைக்குச் சேர்ந்துவிட்டேன் என்றான். அஞ்சலியைப் பார்த்த அன்றே, இது நீங்கள்தான் போட்டிருப்பீர்கள், தன்னைக் காப்பாற்றத்தான் போட்டிருப்பீர்கள் என்று புரிந்துகொண்டானாம். வடிவின் காலைத் தொடக் குனிந்தான். அவள் பின்னால் நகர்ந்துகொண்டாள்.

நிமிர்ந்தபோது அவன் கண் கலங்கியிருந்தது. "ஊருக்கு வந்த எடத்துல கல்யாண வாழ்த்து பாத்தேன்க்கா. அடிச்சு ஒத்துக்க வச்சாங்களா? அப்டி இருந்தா சொல்லுங்க, நான் இன்னிக்கே அந்த வீட்டுக்குப் போறேன். எது ஆனாலும் ஆவட்டும்" என்றான்.

நிஜத்தைச் சொன்னால் அவன் அந்த வாசலில் போய் நிற்பான். அந்த வீட்டில் பந்தல் போட்டாகிவிட்டது. உறவுக்கார ஆண்கள் எல்லோரும் வந்து இறங்கியிருந்தார்கள். வடிவு என்னைப் பார்த்தாள்.

"இல்லப்பா" என்றாள். "அதுவா சந்தோஷமாத்தான் ஒத்துக்கிச்சாம். நீ ஊருக்குப் போ."

குமரன் சரி என்று தலையாட்டிவிட்டு, பையை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுப் பக்கம் நடந்தான். உயிரோடுதான் போனான்.