ஒற்றை ஆள் ஊர்வலம்

ஊர்வலம் என்றால் கூட்டம் வேண்டும் என்பார்கள். மூன்றாம் வகுப்புக்குப் போன ஆண்டு நான் தனியாகவே ஊர்வலம் போயிருக்கிறேன்.

மானாம்பதிக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரில் மற்ற பிள்ளைகளெல்லாம் டை கட்டிக்கொண்டு உத்திரமேரூர் பள்ளி வேனில் ஏறிவிட்டார்கள். அரசுப் பள்ளியில் மிஞ்சியது நான் ஒருத்திதான். காரணம் அப்பாவின் வீம்பு. அந்தப் பள்ளி தொடங்கிய காலத்தில், காசில்லாத படிப்பு என்று சொல்லியும் யாரும் பிள்ளையை அனுப்பவில்லையாம். வாத்தியாரே தேடிப் போய், மாடு மேய்த்துக்கொண்டிருந்த அப்பாவின் தாத்தாவைக் குண்டுக்கட்டாகத் தூக்கிவந்து வகுப்பில் உட்கார வைத்தாராம்.

"நம்மள தூக்கிக்கினு போய் படிக்க வச்ச எடம் அது. நாமளே வுட்டுட்டுப் போறதா?" என்பார் அப்பா. அவருக்கென்ன, அங்கே உட்காருவது நானல்லவா! பாண்டி ஆடக்கூட ஆளில்லை. சத்துணவுக்கூடத்தில் எனக்கு ஒருத்திக்காக உலை வைத்தார்கள். சாப்பிடும்போது எனக்கு அழுகை வரும்.

ஜூன் மாதத்தில் புதுப் பிள்ளை ஒன்றாவது சேராவிட்டால் பள்ளியை மூடிவிடுவார்கள் என்றார் டீச்சர். அதனால் சேர்க்கை ஊர்வலம் கிளம்பினோம். முன்னால் அட்டையைத் தூக்கியபடி நான், பின்னால் டீச்சர். "அரசுப் பள்ளியில்" என்று அவர் குரல் கொடுக்க, "சேருவோம், சேருவோம்" என்று நான் கத்தினேன். ஏற்கெனவே சேர்ந்திருந்த ஒரே ஆள் நான்தான் என்பது ஊரில் நாய்க்குக்கூடத் தெரியும்.

குழாயடியில் அத்தை நின்றிருந்தாள். தன் மகனை எப்படியும் அனுப்புவாள் என்று நம்பியிருந்தேன். அவளோ குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டே, "இன்னா டீச்சர், எங்க புள்ளைய கூப்புட வந்துகீறீங்க. உங்க பொண்ணு எங்க படிக்குது?" என்று கேட்டாள்.

டீச்சர் என் கையிலிருந்த அட்டையை வாங்கி அக்குளில் இடுக்கிக்கொண்டு திரும்பி நடந்தார். பள்ளியை மூடியாயிற்று என்றே நினைத்தேன்.

அடுத்த திங்கட்கிழமை டீச்சர் பஸ்ஸிலிருந்து இறங்கியபோது, கூடவே என் வயதுப் பெண் ஒருத்தியும் இறங்கினாள். அவருடைய மகள். பள்ளி பிழைத்துக்கொண்டது. எனக்கோ தலைகால் புரியவில்லை. பக்கத்தில் இடம் துடைத்து வைத்தேன். என்னிடமிருந்ததிலேயே நல்ல பாண்டிச் சில்லை அவளிடம் நீட்டினேன். அவள் வாங்கவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு மதியம்வரை அழுதாள். டீச்சரும் கரும்பலகையைப் பார்த்தபடியே பாடம் நடத்தினார்.

என்னைப் பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. விட்டுவிட்டு வந்த பள்ளியில் அவளுக்குத் தோழிகள் இருந்திருப்பார்கள் என்பது எனக்குத் தோன்றவே இல்லை.