முதுகுக்கு டப்பிங் பேச மறுத்தது

நாற்பத்தொரு வினாடி அந்தக் கொரிய நடிகர் கேமராவுக்கு முதுகைக் காட்டி நிற்கிறார். அந்த முதுகால்தான் எனக்கு வேலை போனது.

சென்னையில் முப்பது வருடம் டப்பிங் பேசிவிட்டுத் திருமயத்துக்குத் திரும்பியிருந்தேன். ஆவூர்க்காரர் சேவியர் மெயின் ரோட்டோரம் ரெக்கார்டிங் அறை போட்டிருந்தார். பஸ் ஹார்ன் உள்ளே கேட்கும். தினமும் ஆறு டேக்காவது வீண். பழைய கறுப்பு வெள்ளைக் கொரியப் படங்கள் ஐந்தைத் தமிழில் பேசும் வேலை அவருக்கு வந்தது. ஐந்திலும் ஒரே நடிகர். குரல் நான்.

முதல் படத்தில் அவர் வண்டிக்காரர், அடுத்ததில் நீதிபதி, மூன்றாவதில் திருடன். வண்டிக்காரராக வார்த்தைக்கு முன்னால் மூச்சு விடுவார். நீதிபதியாகப் பேசி முடித்த பிறகுதான் விடுவார். திருடனுக்கு மூச்சே கேட்காது. “ஒரே குரல் போதும்ணே, ஆளு ஒருத்தருதானே” என்றார் சேவியர். நான் மூன்று குரல் கொடுத்தேன்.

நான்காவது படத்தில் தகப்பன். மகளைப் பட்டணத்துக்கு வீட்டு வேலைக்கு அனுப்பிவிட்டு வந்து, ஜன்னல் பக்கம் திரும்பி நிற்கிறார். பேச்சில்லை. சேவியர் நான்கு வரி எழுதி நீட்டினார். மகளே, நான் பாவி என்று ஒரே அழுகை.

“அவரு பேசலையே, தம்பி.”

“வாய் தெரியலைல்ல? லிப் சிங்க் தொல்லையே இல்லை. போட்டுருங்க.”

“பேசற ஆளுக்குத் தோள் அசையும். இவருக்கு அசையலை.”

“சவுண்டு போயிருச்சுன்னு பார்க்கிறவன் ரிமோட்டைத் தட்டுவான்ணே.”

“தட்டட்டும்.”

“ஒங்களுக்கு அந்தாளு என்ன, மாமன் மச்சானா?”

“நாலு படமா அவரு வாய்க்குள்ள இருக்கேன். மச்சானெல்லாம் அப்புறம்தான்.”

மறுநாள் போனேன். “நீங்க பேச வேண்டாம்ணே, ஒங்க பழைய டேக்கை வச்சுக் கம்ப்யூட்டரே பேசிருச்சு” என்று ஓடவிட்டார். என் குரலில் அந்த முதுகு அழுதது. நன்றாகத்தான் அழுதது, நானேகூட அவ்வளவு அழுதிருக்க மாட்டேன். என்னைக் கேட்கவில்லை, அவரையும் கேட்கவில்லை.

“அதை எடுத்துருங்க. இல்லைன்னா அஞ்சாவது படத்துக்கு வேற ஆளைப் பாருங்க.”

“அஞ்சாவதுலதான் அவருக்கு ராஜா வேஷம். பைத்தியம் புடிச்ச ராஜா. அதுக்குத்தானே இவ்வளவு நாள் காத்துக்கிட்டிருந்தீங்க?”

உண்மைதான். அந்தப் படத்தை வீட்டில் ஒன்பது முறை பார்த்து, சிரிப்புக்கு மட்டும் நான்கு விதம் பழகி வைத்திருந்தேன்.

“என் பேரையும் டைட்டில்லேர்ந்து எடுத்துருங்க” என்று சொல்லிவிட்டு ஹெட்போனைக் கழற்றினேன்.

அவர் எதையும் எடுக்கவில்லை. ராஜாவுக்கு மதுரையிலிருந்து ஒருவர் வந்து பேசினார்.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்குச் சொல்கிறேன். வாய் தெரியாத இடத்தில் எதையும் பேசலாம் என்பார்கள். நடிகன் பேசாமல் நின்றால் நாமும் பேசாமல் நிற்பதுதான் டப்பிங். வேலை போகும். போகட்டும்.