வேண்டாம் என்றவரின் பரிசு

தெஹ்ரானில் ஹூஷ்மந்த் அளவுக்கு "வேண்டாங்க" சொன்ன மனிதர் கிடையாது. தேநீரைக்கூட மூன்றாம் முறை வற்புறுத்தினால்தான் எடுப்பார். ஊர் வழக்கமே அதுதான் என்றாலும், வாசலில் "நீங்க முதல்ல போங்க" என்று நின்றே விருந்தைக் கோட்டைவிட்டவர் இவர் ஒருவர்தான். மனைவி மஹ்ரோக்குக்கு இதில் தீராத எரிச்சல்.

அந்த வருடத்தின் சிறந்த பாரசீக நாவலுக்கான பரிசு அவருக்கு. அரசாங்கத்தைச் சாராத பரிசு என்பதால் மண்டபத்துக்கு அனுமதி கிடைக்கவில்லை. ஒரு பல் டாக்டர் வீட்டுக் கூடத்தில் விழா. நடுவர் ஃபர்ஷித், பாதி ஆயுளை ஜெர்மனியில் கழித்துவிட்டுத் திரும்பியவர். தன் பெயரை அவர் அறிவித்ததும் ஹூஷ்மந்த் நெஞ்சில் கைவைத்துக் குனிந்தார்.

"எனக்கெதுக்குங்க? இளைஞர் கியானூஷ் நாவலுக்குத்தான் இது பொருத்தம்."

"அப்படியா? பெரிய மனசுங்க உங்களுக்கு," என்ற ஃபர்ஷித், பரிசான வெண்கலக் குதிரையைக் கியானூஷ் கையில் கொடுத்துவிட்டார். கூடத்தில் கைதட்டல் வேறு.

"வற்புறுத்துவாருன்னு நெனச்சேன்," என்று முணுமுணுத்தார் ஹூஷ்மந்த்.

"சொன்னத அப்படியே எடுத்துக்குற ஜெர்மன்காரர்கிட்ட போய்க் காட்டுனீங்களே உங்க மரியாதைய," என்று பல்லைக் கடித்தாள் மஹ்ரோக்.

கியானூஷ் இந்த ஊரிலேயே வளர்ந்தவன். மரியாதைக்கு வந்து குதிரையை நீட்டினான்.

"இது உங்களுதுங்க ஐயா. எனக்கு அந்தத் தகுதியில்ல."

பழக்கதோஷத்தில் ஹூஷ்மந்தின் வாய் "வே" என்று திறந்தது. அதற்குள் மஹ்ரோக் குதிரையை வாங்கிக் கைப்பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்துவிட்டாள்.

"ரொம்ப நன்றி தம்பி," என்றாள். "எங்க வீட்டு ஜெர்மன்காரி நாந்தான்."