எனக்குத் தெரிந்த ஊர்

அப்போது ஒரகடத்தில் கார் ஒயரிங் கம்பெனியில் வேலை. கம்பெனி பஸ் ஹாஸ்டல் கேட்டுக்குள் வந்து ஏற்றிக்கொள்ளும், கேட்டுக்குள்ளேயே இறக்கிவிடும். வெளியே போக வார்டன் விடமாட்டார். லீவு நாள் முழுக்கப் பட்டன் போனில் விவசாய விளையாட்டுதான்.

அதில் பயிர் வைத்தால் மட்டும் போதாது. தினமும் ஊருக்குள் போய் எல்லாரிடமும் பேச வேண்டும். வருடக் கடைசியில் ஊர்த்தலைவர் வந்து மதிப்பெண் போடுவார். எனக்குத் தொண்ணூற்றாறு! ஊரில் என்னை அறியாதவரே இல்லை என்று பாராட்டு வேறு. கட்டிலில் ஏறிக் குதித்தேன்.

அன்று சாயங்காலமே சங்கரன்கோவிலிலிருந்து அம்மா போன் செய்தாள். "ஏளா, ஒன்னப் பாக்க வாரேன். எந்த ஊருல எறங்கணும்?"

விளையாட்டில் மீன்காரரின் பிறந்தநாள்கூட எனக்குத் தெரியும். ஒரு வருடமாகத் தூங்கி எழுகிற ஊரின் பெயர் தெரியாது. ஓடிப்போய் வாட்ச்மேனைக் கேட்டேன்.

"சேரப்பணஞ்சேரிம்மா. இன்னா, இத்தினி நாளா இங்கதான கீற?"

அம்மா வந்து ஹாஸ்டல் வராந்தாவில் உட்கார்ந்ததும், "ஊரு நல்லாருக்குளா. எம்புட்டுப் பெரிய ஏரி கெடக்கு!" என்றாள். வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

அவளை வழியனுப்ப கேட் வரைதான் போக முடிந்தது. ஏரி எந்தப் பக்கம் என்று கேட்காமல் விட்டது அதற்குப் பிறகுதான் உறைத்தது.