அக்காவின் மெஷினுக்கு வந்த ஃபைல்

பக்கத்துக் கடைக்காரனுக்குச் ‘சந்தேகம்’ என்று பெயர் வைத்ததே நான்தான். செத்துப்போன போன், டிவி பெட்டி, ரவுட்டர் என்று எதைக் கொடுத்தாலும் மென்பொருளை மறுபடி ஏற்றி உயிர் கொடுத்துவிடுவான். ஆனால் இணையத்தில் இறக்கிய ஃபைலை அப்படியே ஏற்றமாட்டான். வைரஸ் இருக்கிறதா, தயாரித்த கம்பெனி தந்த சரிபார்ப்பு எண்ணோடு ஒத்துப்போகிறதா என்று குடைந்துகொண்டே இருப்பான். வாடிக்கையாளர்கள் காத்திருந்து சலித்து, என் கடைக்கு வந்து போன் உறை வாங்குவார்கள். அதனால் நான் குறை சொன்னதில்லை.

அவனுடைய அக்காவுக்குத் தூக்கத்தில் மூச்சு நின்றுபோகும் வியாதி. முகமூடி மாட்டி, காற்றை உள்ளே தள்ளும் மெஷின் ஓடினால்தான் நிம்மதியாகத் தூங்க முடியும். அது அப்டேட் ஆகும்போது கரண்ட் போய், திரை கறுத்துவிட்டது. அக்கா புருஷன் அதைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தார். வாடகைக்கு வேறு மெஷின் தேடி அலைந்தும் கிடைக்கவில்லையாம்.

சந்தேகம் தேடித் துருவி ஒரு ஃபைலைக் கண்டுபிடித்தான். யாரோ இணையத்தில் ஏற்றிவைத்தது. மாடல் சரி. சரிபார்ப்பு எண்தான் ஒத்துப்போகவில்லை.

“போட்டுடு மாப்ள. ஏற்கெனவே செத்த மெஷின்தானே?”

“காத்து அழுத்தம் தப்பா வந்தா? மாமா, அதுல மூச்சு விடப்போறது அக்கா. கம்பெனிக்கு எழுதியிருக்கேன். அதுவரைக்கும் உக்காந்தே தூங்கச் சொல்லுங்க.”

மாமா கெஞ்சினார், திட்டினார். இவன் அசையவில்லை. எனக்கும் அன்று அவன் சொன்னதுதான் நியாயம் என்று பட்டது.

கம்பெனி பதில் போடுவதற்குள், நாற்காலியில் கண்ணயர்ந்த அக்காவுக்கு மூச்சு திரும்பவில்லை.

எல்லாம் முடிந்து அவன் கடை திறந்த அன்றுதான் கம்பெனியின் ஃபைல் வந்தது. இரண்டையும் திரையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டான். நான் பின்னால் நின்று பார்த்தேன். ஒரே ஓர் இடத்தில்தான் வித்தியாசம். ஏற்றிவைத்த புண்ணியவான், மெஷின் தொடங்கும்போது வரும் கம்பெனிப் படத்தை எடுத்துவிட்டுத் தன் பூனையின் படத்தைப் போட்டிருந்தான். காற்று அழுத்தத்தில் அவன் கையே வைக்கவில்லை. இவன் அந்தப் பூனையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

மெஷினை வாங்கிப்போக மாமா வந்தார். ஆள் பாதியாகியிருந்தார்.

“உன்னை அடிச்சாவது போட வச்சிருக்கணும். புருஷன்னு நான் எதுக்கு இருந்தேன்? சொல்லு மாப்ள, அந்த ஃபைல் நல்லதுதானா?”

சந்தேகம் திரையை அணைத்தான்.

“கெட்ட ஃபைல் மாமா. போட்டிருந்தா அன்னிக்கே போயிருப்பா.”

“நிஜமாவா?”

“செக் பண்ணிட்டேன்.”

அதற்குமேல் யாரும் அவனிடம் கேட்பதில்லை. மாமா அவன் கையைப் பிடித்துக்கொண்டு விம்மி விம்மி அழுதார்.

“நீயாவது கவனமா இருந்தியேப்பா” என்றார்.